ஏரி, கொக்கு, வெந்நீர்: கிழக்கு ஹொக்கைடோவில் ஒரே நாள்தான் என்றால் பஸ்ஸா, காரா, ரயிலா?

டோக்கியோவில் வேலை பார்க்கும் நண்பர் ஒருவர் கேட்டார். பிப்ரவரியில் ஊரிலிருந்து அப்பா அம்மா வருகிறார்கள், ஜப்பானின் வடக்குத் தீவான ஹொக்கைடோவில் இருக்கும் குஷிரோவுக்கு விமான டிக்கெட்டும் போட்டாயிற்று, கையில் ஒரே ஒரு முழு நாள். அப்பாவுக்கு எரிமலை ஏரிகளைப் பார்க்க ஆசை, பிள்ளைகளுக்கு அந்தச் சிவப்புத் தலைக் கொக்கு, அம்மாவுக்கு மூட்டுவலி என்பதால் வெந்நீர் ஊற்றில் ஒரு குளியல். டூர் பஸ் போதுமா, கார் எடுக்கணுமா? இதே கேள்வியை ஆளையும் மாதத்தையும் மாற்றி இதுவரை நாலைந்து பேர் கேட்டுவிட்டார்கள், அதனால் ஒரே இடத்தில் எழுதிவிடலாம் என்று உட்கார்ந்தேன். நான் அங்கே பஸ்ஸில் ஒருமுறை, காரில் இரண்டு முறை, ரயிலில் ஒருமுறை சுற்றியிருக்கிறேன். தனி வண்டி, தனி வழிகாட்டி எல்லாம் உறவினர் குடும்பத்தோடு பங்கு போட்டு ஒரே ஒரு தடவை.

பதிலை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். ஒரு நாளில் மூன்றுக்கும் தலையைக் காட்டிவிட்டு வரலாம், மூன்றையும் நிதானமாக அனுபவிக்க முடியாது. எதை விட்டுக்கொடுக்கப் போகிறீர்கள் என்று வீட்டில் முதலில் பேசி முடியுங்கள், வண்டி எது என்பது தானாகவே முடிவாகிவிடும். அதைப் பேசாமல் கிளம்பினால் ஆற்றில் ஒரு கால் சேற்றில் ஒரு கால் என்றுதான் அந்த நாள் போகும்.

## முதலில் ஊர் அமைப்பு

குஷிரோ கடற்கரை நகரம். அதற்கு வடக்கே ஜப்பானின் மிகப் பெரிய சதுப்பு நிலம் விரிந்து கிடக்கிறது. அதையும் தாண்டி மேலே போனால் ஆக்கான்-மாஷு தேசியப் பூங்கா. 1934-இல் ஆக்கான் என்ற பெயரில் அறிவிக்கப்பட்டது, 2017-இல்தான் மாஷு பெயரையும் சேர்த்தார்கள். அதற்குள் மூன்று ஏரிகள்.

மாஷு: ஒரு ஆறும் உள்ளே வராத, ஒரு ஆறும் வெளியே போகாத எரிமலைப் பள்ளத்து ஏரி. 1931-இல் அளந்தபோது 41.6 மீட்டர் ஆழம் வரை கண்ணுக்குத் தெரிந்ததாம், அன்றைக்கு அது உலக சாதனை. தண்ணீருக்கு இறங்க அனுமதி கிடையாது, மேலே மேடையில் நின்று பார்க்க வேண்டியதுதான். கோடையில் பனிமூட்டம் மூடிவிட்டால் அதுவும் இல்லை. முதல் தடவையே மூட்டமில்லாமல் மாஷுவைப் பார்த்துவிட்டால் கல்யாணம் தள்ளிப்போகும் என்று அங்கே ஒரு பேச்சு உண்டு, ஏமாந்து திரும்புகிறவர்களுக்கு ஆறுதலாகக் கட்டிவிட்ட கதை என்பது என் சந்தேகம்.

குஷ்ஷாரோ: அதே மாதிரிப் பள்ளம், ஆனால் மிகப் பெரியது, சுற்றளவு 57 கிலோமீட்டர். சுனாயு என்ற கரையில் மணலைக் கையால் தோண்டினாலே வெந்நீர் ஊறும். குளிர்காலத்தில் ஏரி உறைந்தாலும் அந்தக் கரை மட்டும் உறையாது, அதனால் அன்னங்கள் அங்கே வந்து கூடும். பக்கத்திலேயே இயோசான் என்ற கந்தக மலை புகைந்துகொண்டு நிற்கிறது, ஹொக்கைடோவின் பழங்குடிகளான ஐனு மக்களின் மொழியில் அதன் பெயர் அதோசானுபுரி, மொட்டை மலை என்று பொருள். அதன் அடிவாரத்தில் கவாயு வெந்நீர் ஊர்.

ஆக்கான்: பந்து பந்தாக உருளும் மரிமோ பாசிக்குப் பேர்போன ஏரி. கரையில் ஓட்டல்களும் ஐனு மக்களின் குடியிருப்பும் இருக்கின்றன.

குஷிரோவில் கிளம்பி இத்தனையும் சுற்றித் திரும்பினால் ஏறக்குறைய 250 கிலோமீட்டர் ஆகும். ஹொக்கைடோவின் தலைநகரான சப்போரோவிலிருந்து ஒருநாள் பயணமாக இதைச் செய்துவிடலாமா என்று கேட்பவர்களுக்கு: சப்போரோ-குஷிரோ விரைவு ரயிலே ஒரு வழிக்கு நாலு மணி நேரம். வேண்டாம்.

## எதையெதை வைத்து எடை போடுவது

விலையை முதலில் பார்க்காதீர்கள். நான் பார்ப்பது இவற்றைத்தான்.

வெளிச்சம் எத்தனை மணி வரை இருக்கும் என்பது முதல். ஹொக்கைடோவின் கிழக்கு மூலை என்பதால் டிசம்பரில் குஷிரோவில் நாலு மணிக்கு முன்பே சூரியன் இறங்கிவிடும். ஜூனில் காலை நாலு மணிக்கு முன்னாலேயே விடிந்துவிடும். மிருகமும் பறவையும் இந்த நேரத்தைத்தான் பார்க்குமே தவிர, நம் ஓட்டலில் காலைச் சாப்பாடு எத்தனை மணிக்கு என்று பார்க்காது.

இரண்டாவது, ஓர் இடம் பிடித்துப்போனால் அங்கே கூடுதலாக ஒரு மணி நேரம் நிற்க முடியுமா, பனிமூட்டம் என்றால் விட்டுவிட்டு அப்புறம் திரும்பி வர முடியுமா. மூன்றாவது, குளியல். காலை நனைப்பதற்குப் பத்து நிமிடம் போதும். உடை களைந்து, உடம்பைத் தேய்த்துக் கழுவி, தொட்டியில் இறங்கி, ஏறி, தலை காய்ந்து வெளியே வர ஒன்றரை மணி நேரம் ஆகும். நாலாவது, கூட வருபவர்கள் யார். கடைசியாகத்தான் காசு, அதிலும் விளம்பரத்தில் போடாத காசு.

## வழிகாட்டியோடு போகும் பஸ்

குஷிரோ ரயில் நிலையத்திலிருந்து ஆக்கான் பஸ் நிறுவனம் முழுநாள் சுற்றுலாப் பஸ் விடுகிறது. கோடைக்கும் இலையுதிர் காலத்துக்கும் பிரிகா, குளிர்காலத்துக்கு வொய்ட் பிரிகா என்று பேர். காலை எட்டு மணி வாக்கில் கிளம்பி மாஷு, இயோசான், குஷ்ஷாரோ கரை, ஆக்கான் என்று சுற்றி மாலையில் கொண்டுவந்து விடுவார்கள். குளிர்காலத்தில் கொக்குகள் கூடும் இடத்திலும் நிறுத்துவார்கள். கட்டணம் தலைக்கு ஐயாயிரம், ஆறாயிரம் யென்னை ஒட்டி இருக்கும். எந்தத் தேதிகளில் ஓடுகிறது என்பது வருடத்துக்கு வருடம் மாறும், நவம்பர் டிசம்பரில் பெரும்பாலும் இரண்டுமே இருக்காது, அதனால் விமான டிக்கெட்டுக்கு முன்னால் இதைப் பாருங்கள்.

இதன் பெரிய நல்லது, மூன்று ஏரியும் ஒரே நாளில் நிச்சயம். உறைபனிச் சாலையில் ஓட்டுகிற கவலை நம்முடையது கிடையாது. ஜன்னலோரம் உட்கார்ந்து தூங்கினாலும் இடம் வந்ததும் எழுப்பிவிடுவார்கள். தனியாகப் போகிறவருக்கு இதைவிட மலிவான வழியும் இல்லை.

குறை என்ன? நேரம். மாஷுவில் அரை மணி, இயோசானில் அரை மணி, குஷ்ஷாரோவில் அதற்கும் குறைவு, ஆக்கானில் மட்டும் மதியச் சாப்பாட்டையும் சேர்த்துக் கொஞ்சம் தாராளம், ஏறக்குறைய இந்தக் கணக்கில்தான் ஓடும். நான் போன அன்று மாஷு முழுக்க வெள்ளைச் சுவர். இறங்கினோம், வெள்ளையைப் பார்த்தோம், ஏறினோம். பஸ் மலை இறங்கும்போது பின்னால் வானம் திறந்தது, அதைப் பார்த்துச் சிரித்துக்கொள்வதைத் தவிர ஒன்றும் செய்ய முடியவில்லை. வர்ணனையும் முழுக்க ஜப்பானிய மொழியில்தான். வழிகாட்டி பாட்டுக்கூடப் பாடினார், கேட்க நன்றாக இருந்தது, விஷயம் ஒன்றும் புரியவில்லை. 'வழிகாட்டியுடன்' என்ற சொல்லுக்காகவே பஸ்ஸைத் தேர்ந்தெடுப்பவர்கள் இதை யோசியுங்கள்.

குளியல்? மறந்துவிடுங்கள். சுனாயு மணலில் கையை விட்டுச் சூடு பார்க்கலாம், கரையோரம் காலை நனைக்கலாம், அதோடு சரி. ஆக்கானில் கிடைக்கும் நேரத்தில் சாப்பாட்டைத் தியாகம் செய்தால் ஒரு ஓட்டலில் ஓடிப் போய் முங்கிவிட்டு ஓடி வரலாம். செய்திருக்கிறார்கள், நிம்மதியாக இருந்தது என்று ஒருவரும் சொல்லிக் கேட்டதில்லை.

மறைந்திருக்கும் செலவு: காலை எட்டு மணிக்குக் குஷிரோவில் இருக்க வேண்டும் என்றால் முந்தின இரவு அங்கே தங்கியாக வேண்டும். டோக்கியோவில் காலை விமானம் பிடித்து வந்து இதில் ஏற முடியாது. மதியச் சாப்பாடு நம் செலவு. மரிமோ பார்க்கப் படகில் போவதென்றால் அதற்குத் தனிக் கட்டணம், அதோடு அந்தப் படகுப் பயணம் ஒன்றரை மணி நேரத்தைத் தின்றுவிடும், அதனால் படகா சாப்பாடா என்று அங்கேயும் ஒரு தேர்வு காத்திருக்கும்.

## வாடகைக் கார்

இடது பக்க ஓட்டம், வலது பக்க ஸ்டியரிங். நமக்குப் பழக்கமானதுதான். சாலைகள் காலி. இந்தியா, இலங்கை, சிங்கப்பூர், மலேசியா நான்குமே 1949 ஜெனீவா சாலைப் போக்குவரத்து உடன்பாட்டில் இருப்பதால் அங்கே வாங்கிய சர்வதேச ஓட்டுநர் அனுமதி ஜப்பானில் செல்லும். தமிழ்நாட்டில் என்றால் ஆர்.டி.ஓ. வழியாக எடுக்கலாம், ஒரு வருடம் செல்லுபடியாகும். ஆனால் ஒரு பொறி இருக்கிறது, அதில் டோக்கியோவில் வசிக்கிற நம்மவர்கள்தான் அதிகம் மாட்டுகிறார்கள். ஜப்பானில் குடியிருப்பவர் விடுமுறைக்கு ஊருக்குப் போய் அனுமதியை எடுத்துக்கொண்டு மூன்று மாதத்துக்குள் திரும்பிவிட்டால் அது இங்கே செல்லாது. பார்க்க வந்த அப்பா ஓட்டலாம், மகன் ஓட்ட முடியாது என்ற வேடிக்கையெல்லாம் இதனால்தான் வருகிறது. வாடகை நிறுவனக் கவுண்டரில் காகிதத்தைப் பார்த்துவிட்டு உங்களை விட்டுவிடக்கூடும். விபத்து நடந்தால் அது உரிமமில்லாமல் ஓட்டியதாகவே கணக்கு.

காரின் அருமை கொக்கு விஷயத்தில்தான் தெரியும். தாஞ்சோ எனப்படும் இந்தக் கொக்கு ஜப்பானில் அற்றுப்போய்விட்டது என்றே நினைத்திருந்தார்கள். 1924-இல் குஷிரோ சதுப்பில் பத்துப் பதினைந்து பறவைகள் மிஞ்சியிருப்பது தெரிந்தது. 1952-இல் கடுங்குளிரில் தவித்தவற்றுக்கு உள்ளூர்க்காரர்கள் மக்காச்சோளம் போட்டுப் பழக்கினார்கள், அப்போது எண்ணியதில் 33. இன்றைக்கு ஆயிரத்தைத் தாண்டிவிட்டன. பழைய ஆயிரம் யென் நோட்டின் பின்பக்கத்தில் ஆடிக்கொண்டிருந்த ஜோடி இவைதான். நவம்பர் முதல் மார்ச் வரை ட்சுருயி கிராமத்தில் தீனி போடும் திடல்களில் பகலிலேயே பார்த்துவிடலாம், அதற்குப் பஸ்ஸே போதும். ஆனால் விடியற்காலை ஒதோவா பாலத்தில் நின்று, ஆற்றிலிருந்து ஆவி எழும்ப, மரமெல்லாம் உறைபனி பூத்திருக்க, தண்ணீருக்குள் ஒற்றைக்காலில் தூங்கிய கூட்டம் ஒவ்வொன்றாகக் கழுத்தை நீட்டுவதைப் பார்ப்பது வேறு. எட்டு மணிப் பஸ் அதைக் காட்டாது. கார்தான் காட்டும், மைனஸ் பதினைந்து டிகிரியில் விரல் வலிக்க வலிக்க.

கோடையில் கொக்குகள் ஜோடி ஜோடியாகப் பிரிந்து சதுப்புக்குள் போய்க் கூடு கட்டிவிடும். அப்போதும் வயலோரத்தில் குஞ்சோடு நடக்கும் ஜோடி கண்ணில் படலாம், காரில் மெதுவாகப் போனால். இல்லையென்றால் குஷிரோ விமான நிலையத்துக்கு அருகிலுள்ள கொக்குப் பூங்காவில் வேலிக்குள் இருப்பவற்றைப் பார்க்க வேண்டியதுதான்.

மறைந்திருக்கும் செலவுகளில் முதலாவது மான். ஏசோ மான் நம் ஊர்ப் புள்ளிமானைவிடப் பெரிய உருப்படி, அந்தி நேரத்தில் ஒன்று கடந்தால் பின்னாலேயே இன்னும் மூன்று வரும். இடித்துவிட்டால் காப்பீடு சேதத்தைப் பார்த்துக்கொள்ளும், ஆனால் வண்டி ஓடாத நாட்களுக்கு ஈடாக ஒரு தொகை கேட்பார்கள்: ஓட்டிக்கொண்டு திரும்பினால் 20,000 யென், இழுத்துவர வேண்டியிருந்தால் 50,000 என்பது பரவலான கணக்கு. அதையும் மூடும் கூடுதல் காப்பீடு ஒரு நாளைக்குச் சில நூறு யென்னிலிருந்து கிடைக்கிறது, கஞ்சத்தனம் பார்க்காமல் எடுத்துவிடுங்கள். காவல்துறைக்குச் சொல்லாமல் விட்டால் அந்தக் காப்பீடும் செல்லாது.

இரண்டாவது, பனி. குளிர்காலத்தில் பனிச் சக்கரம் மாட்டியேதான் வண்டி தருவார்கள். ஆனாலும் சாலை மேல் கண்ணாடி போல ஒட்டியிருக்கும் கரும்பனியில் சென்னை அனுபவம் ஐந்து காசுக்கு உதவாது. இன்னொன்றும் தெரிந்துகொள்ளுங்கள்: மாஷுவின் முதல் மேடை குளிர்காலத்திலும் திறந்திருக்கும், அதிலிருந்து மூன்றாவது மேடை வழியாகக் கவாயுவுக்கு இறங்கும் சாலை மூடியிருக்கும். வந்த வழியே அடிவாரத்து ஊரான தெஷிகாகாவுக்குத் திரும்பிச் சுற்றித்தான் போக வேண்டும், அதில் அரை மணி போகும்.

காசுக் கணக்கில் நாலு பேர் என்றால் காரே மலிவு. சிறிய காருக்கு வாடகை, காப்பீடு, பெட்ரோல் எல்லாம் சேர்த்துப் பெரும்பாலும் 15,000 யென்னுக்குள் அடங்கிவிடும், இந்தச் சுற்றில் சுங்கச் சாலையும் இல்லை. ஒருவர், இருவர் என்றால் பஸ்.

## ரயிலும் உள்ளூர்ப் பஸ்ஸும்

இதை யாரும் கேட்பதில்லை, எனக்கு மிகவும் பிடித்தது இதுதான். குஷிரோவிலிருந்து அபாஷிரி வரை போகும் சென்மோ பாதையில் ஒற்றைப் பெட்டி டீசல் ரயில் சதுப்பு ஓரமாகவே ஓடும். வழியில் கயானுமா என்று ஒரு குட்டி நிலையம், கொக்கு வரும் நிலையம் என்றே அதற்குப் பேர். ஜனவரி கடைசியிலிருந்து மார்ச் வாக்கில் ஷிபேச்சா வரை நீராவி எஞ்சின் ரயிலும் விடுகிறார்கள்.

நான் செய்தது இது. கவாயு-ஒன்சென் நிலையத்தில் இறங்கினேன், நிலையக் கட்டடத்திலேயே கால் நனைக்கும் தொட்டி இருக்கிறது, சும்மா. அங்கிருந்து இயோசானுக்கு நடை, அரை மணி நேரம் போல. பூமி பெருமூச்சு விடுகிற அந்த மஞ்சள் ஓட்டைகளுக்குப் பக்கத்தில் முட்டை வேகவைத்து விற்பார்கள். அதைத் தின்றுவிட்டு, புதர்க்காட்டுப் பாதையில் இன்னும் இரண்டரை கிலோமீட்டர் நடந்தால் கவாயு ஊர். ஜூன் கடைசியில் அந்த வழியெல்லாம் வெள்ளைப் பூ. ஊரில் ஒரு ஓட்டலில் பகல் குளியலுக்குப் பணம் கட்டி இரண்டு மணி நேரம் கிடந்தேன். கவாயு தண்ணீரின் அமிலத்தன்மையைக் காட்டும் பி.எச். இரண்டுக்கும் கீழே, எலுமிச்சைச் சாற்றுக்குப் பக்கத்தில் வரும். கண்ணில் பட்டால் எரியும், சவரம் செய்த முகத்தில் பட்டாலும் எரியும். வெளியே வருமுன் சாதாரணத் தண்ணீரில் ஒருமுறை கழுவிக்கொள்ளுங்கள்.

விட்டுக்கொடுப்பது: ஆக்கான் ஏரி கிடையாது, அது வேறு பக்கம். மாஷுவுக்கு மாஷு நிலையத்திலிருந்து பஸ் உண்டு, ஆனால் கோடையிலும் குளிரிலும் சில காலம் மட்டும். ரயில்கள் ஒரு நாளைக்கு விரல் விட்டு எண்ணலாம். ஒன்றைத் தவறவிட்டால் அடுத்ததற்கு இரண்டு மூன்று மணி காத்திருப்பு, அல்லது பஸ் டூர் கட்டணத்தை விழுங்கும் டாக்ஸி. மான் ரயிலையும் நிறுத்தும் என்பதையும் சேர்த்துக்கொள்ளுங்கள்.

## தனி வண்டி, தனி வழிகாட்டி

நாள் முழுக்க டாக்ஸியை அமர்த்தினால் ஐம்பதாயிரம் யென்னில் ஆரம்பிக்கும், ஆங்கிலம் பேசும் வழிகாட்டி தனி. சக்கர நாற்காலியில் பெரியவர் இருந்தால், மூன்று தலைமுறை ஒன்றாகப் போனால், இதற்கு நியாயம் உண்டு. மாஷு மூடியிருந்தால் முதலில் குஷ்ஷாரோவுக்குப் போய்விட்டுத் திரும்ப வரலாம், இடையில் குளியலுக்கு நிறுத்தலாம். மற்றவர்களுக்கு நான் சொல்வது, வழிகாட்டிக்கு என்று காசு செலவழிப்பதானால் குஷ்ஷாரோவிலிருந்து குஷிரோ ஆறு புறப்படும் இடத்தில் கனூ படகுக்குக் கொடுங்கள். அரை நாள். துடுப்புப் போடுகிறவர் எந்தக் கிளையில் மீன்கொத்தி உட்காரும் என்று தெரிந்தவர், பேச்சைக் குறைத்துக் கையைக் காட்டுவார். வழிகாட்டி என்பதற்குப் பொருள் அங்கேதான் எனக்குப் புரிந்தது.

## ஒரே பார்வையில்

| | பஸ் | கார் | ரயில் | தனி வண்டி |
|---|---|---|---|---|
| மூன்று ஏரியும் | நிச்சயம் | முடியும், கோடையில் எளிது | ஒன்று, சில சமயம் இரண்டு | முடியும் |
| விடியல் கொக்கு | இல்லை | ஆம் | இல்லை | பேசிவைத்தால் |
| முழுக் குளியல் | இல்லை | ஓர் ஏரியை விட்டால் | தாராளமாக | ஆம் |
| பனிமூட்டத்துக்கு மாற்று | இல்லை | உண்டு | இல்லை | உண்டு |
| ஒருவருக்கு மலிவு | ஆம் | இல்லை | ஆம் | கேட்கவே வேண்டாம் |
| நால்வருக்கு மலிவு | இல்லை | ஆம் | பரவாயில்லை | இல்லை |
| எதிர்பாராத செலவு | முந்தின இரவுத் தங்கல் | மான், பனி | தவறவிட்ட ரயில் | கூடுதல் மணி நேரம் |

## எதில் போனாலும் இதைச் செய்யுங்கள்

சைவம் சாப்பிடுகிறவர்கள் குஷிரோவிலேயே கையோடு வாங்கிக்கொண்டு போங்கள். ஏரிக்கரைக் கடைகளில் நூடுல்ஸ் குழம்பிலும் மீன் சாறு இருக்கும், காய்கறி மட்டும்தான் என்று படத்தில் தெரிந்தாலும். வழியில் நரி வந்து கெஞ்சுகிற மாதிரி உட்காரும், தீனி போடாதீர்கள், தொடாதீர்கள். ஹொக்கைடோ நரிகளிடம் எக்கினோகாக்கஸ் என்ற புழு உண்டு, மனிதருக்கு ஈரலில் போய் உட்காரும். ஷிரெத்தொகோ தீபகற்பத்தையும் இதே நாளில் சேர்க்க முடியுமா என்று கேட்காதீர்கள்.

பொதுக் குளியலில் உடையில்லாமல்தான் இறங்க வேண்டும், ஆண் பெண் தனித்தனி. கூச்சமாக இருந்தால் குடும்பத்துக்கு மட்டும் மணிக்கணக்கில் விடும் தனித் தொட்டி உள்ள ஓட்டலாகப் பார்த்து முன்னாலேயே சொல்லிவையுங்கள், அன்றைக்குப் போய்க் கேட்டால் கிடைப்பது கஷ்டம்.

இனி நண்பர் விஷயம். பிப்ரவரி, ஆறு பேர், அவருக்கு ஜப்பான் உரிமம் இருந்தாலும் பனியில் ஓட்டியதே இல்லை. காரை வேண்டாம் என்றேன். ஒருநாளை இரண்டாக்க முடியுமா என்று கேட்டேன், முடியும் என்றார், விமானத்தை மாற்றிக்கொண்டார். முதல் நாள் வொய்ட் பிரிகா, அப்பாவுக்கு ஏரிகள், பிள்ளைகளுக்குக் கொக்கும் அன்னமும். இரண்டாம் நாள் காலை ரயிலில் கவாயு, நிலையத்திலிருந்து ஊருக்குப் பஸ், முன்பதிவு செய்த தனித் தொட்டியில் அம்மாவுக்குக் குளியல், அன்றிரவு அங்கேயே தங்கல். இரண்டு நாளே முடியாது என்று சொல்லியிருந்தால் குளியலை வெட்டச் சொல்லியிருப்பேன், பஸ்ஸில் போகச் சொல்லி, அம்மாவுக்கு டோக்கியோ பக்கத்திலேயே வேறொரு வெந்நீர் ஊரைக் காட்டியிருப்பேன். போன வாரம் அவர் அம்மாவிடம் பேசும்போது ஒன்றே ஒன்று சொன்னேன்: கொலுசையும் மெட்டியையும் கழற்றிப் பெட்டியில் வைத்துவிட்டு இறங்குங்கள் அம்மா, அந்தக் கந்தகத் தண்ணீரில் வெள்ளி கறுத்துப்போகும்.